இடுப்பில் தொங்கும் பிஸ்டலை யார், எதை வைத்துத் தேர்ந்தெடுக்கிறார்கள்?

நீங்கள் கேட்டது இது: சந்தையில் எத்தனையோ வகைக் கைத்துப்பாக்கிகள் இருக்க, பல நாட்டுக் காவல்துறைகள் கிட்டத்தட்ட ஒரே சாயலில் இருக்கும் 9 மிமீ பிளாஸ்டிக் உடல் பிஸ்டல்களையே ஏன் வாங்குகின்றன? அது சோதனையில் ஜெயித்ததா, டெண்டரில் விலை குறைந்ததா? கூடவே, ஜப்பான் போலீஸ் மட்டும் ஏன் இன்னும் ரிவால்வரை (சுழலும் உருளையில் தோட்டா போடும் கைத்துப்பாக்கி) விடவில்லை என்றும் கேட்டிருக்கிறீர்கள். எனக்குப் புரிந்தவரை உங்கள் சந்தேகம் வேறு இடத்தில் இருக்கிறது. முடிவெடுப்பவர்களுக்கு உண்மையிலேயே ஆயுதம் தெரியுமா, தெரிந்தால் எந்த அளவுகோலை வைத்து முடிவெடுக்கிறார்கள் என்பதுதான் அது.

நான் பல வருடம் ஆயுதப் பராமரிப்பிலும் சுடுதளப் பயிற்சியிலும் இருந்தவன். புது ஆயுதம் வாங்கும் குழுக்களுக்குச் சோதனைக் குறிப்பு எழுதிக் கொடுத்திருக்கிறேன். கையெழுத்துப் போடும் நாற்காலியில் உட்கார்ந்ததில்லை. அதனால் பட்டறை மேசையையும் சுடுதளத்தையும் பற்றி நான் சொல்வதை அப்படியே எடுத்துக்கொள்ளலாம். பேரம், உள் அரசியல் பற்றிச் சொல்வதைக் கொஞ்சம் கழித்துவிட்டுப் படியுங்கள்.

துப்பாக்கி ஆர்வலர்கள் கேட்கும் கேள்வி, “எது சிறந்தது?” துறை கேட்கும் கேள்வி வேறு: “நம் படையிலேயே மோசமாகச் சுடும் ஆள், இரவில், மூச்சு வாங்க ஓடி வந்து நிற்கும்போது, அவர் கையில் எது அதிகம் சொதப்பாமல் இருக்கும்?” நல்ல சுடுநரைப் பற்றிக் குழுவுக்குக் கவலையே இல்லை. அவர் எதைக் கொடுத்தாலும் சுடுவார். பெரும்பாலான காவலர்கள் வருடத்தில் ஓரிரு முறை தகுதிச் சுடுதலுக்கு வருவார்கள், கட்டாயம் என்பதால் வருவார்கள், முடித்துவிட்டுப் போவார்கள். அமெரிக்காவில் பியூ ஆய்வு மையம் 2017-இல் வெளியிட்ட கருத்துக்கணிப்பில், பயிற்சிக்கு வெளியே பணியில் எப்போதாவது சுட்டிருக்கிறேன் என்றவர்கள் 27 சதவீதம்தான். துப்பாக்கி அதிகம் புழங்கும் அந்த நாட்டிலேயே கணக்கு இப்படி என்றால், மற்ற நாடுகளைப் பற்றிச் சொல்லவே வேண்டாம்.

ஆகவே ஒரு சர்வீஸ் பிஸ்டலின் வாழ்க்கை என்பது பெரும்பாலும் உறைக்குள் கிடப்பதுதான். ஒரு வருடம் இடுப்பில் தொங்கிய பிஸ்டலைக் கழற்றிப் பார்த்தால் புரியும். தோட்டாக்களை அடுக்கும் மேகசின் நுழையும் குழிக்குள் சட்டை நூலும் பஞ்சும் எண்ணெயோடு சேர்ந்து சாம்பல் நிறப் பசையாகப் படிந்திருக்கும். உடம்பை ஒட்டிய பக்கத்தில் வேர்வை உப்புப் பட்டு, பின் குறிமுள்ளின் ஓரத்தில் துரு பூத்திருக்கும். எதிர்ப் பக்கம் கார்க் கதவிலும் சீட் பெல்ட் கொக்கியிலும் உரசி உரசி வெளுத்திருக்கும். எல்லாவற்றையும்விட முக்கியம், மேலே இருக்கும் அந்த ஒற்றைத் தோட்டா. ஷிஃப்ட் முடிந்ததும் துப்பாக்கியைக் காலி செய்கிறார், அடுத்த நாள் அதே தோட்டாவை மறுபடி ஏற்றுகிறார். ஒவ்வொரு முறையும் ஸ்லைடு (பிஸ்டலின் மேலே முன்னும் பின்னும் ஓடும் பாகம்) அதைக் குழலின் பின்முனையில் உள்ள அறைக்குள் அடித்துத் தள்ளுகிறது, ஈயக் குண்டு பித்தளைக் கூட்டுக்குள் மயிரிழை மயிரிழையாக உள்ளே இறங்குகிறது. புதுத் தோட்டா ஒன்றை மேசையில் பக்கத்தில் நிறுத்திப் பார்த்தால் பழையது குள்ளமாக நிற்கும். குண்டு உள்ளே போன அளவுக்கு உள் அழுத்தம் ஏறும். அளவு மீறினால் ஆபத்து. விற்பனைத் துண்டறிக்கையில் இதெல்லாம் இருக்காது. ஆனால் துரு பிடிக்காத மேல்பூச்சு, எளிதாகக் கழற்றும் வசதி, தோட்டாவை அதிகம் அடிக்காமல் ஏற்றும் பாதை என்று ஆர்மரர்கள் (ஆயுதங்களைப் பராமரிப்பவர்கள்) தேர்வுக் குழுவிடம் கேட்டு வாங்குவதெல்லாம் இங்கிருந்துதான் வருகிறது. கிளாக் நிறுவனத் தயாரிப்பு மாதிரி முப்பத்துச் சொச்சம் பாகங்களிலேயே முடிந்துவிடும் பிஸ்டல் ஆர்மரர்களுக்கு ஏன் பிடிக்கிறது என்பதற்கும் இதுதான் காரணம். ஸ்பிரிங் மாற்றக் கால் மணி நேரம் போதும்.

சரி, மாற்றம் எப்போது தொடங்குகிறது? பழைய பிஸ்டல் தேய்ந்துவிட்டது என்று யாரோ அமைதியாகக் கோப்பு எழுதித் தொடங்குவதும் உண்டு. ஆனால் பெரிய திருப்பங்கள் எல்லாம் ஒரு மோசமான நாளுக்குப் பிறகே வந்திருக்கின்றன. இதற்கு எல்லோரும் எடுத்துக்காட்டுவது 1986 ஏப்ரல் 11, மியாமி. எஃப்பிஐ அதிகாரிகள் இரண்டு கொள்ளையர்களை மடக்கினார்கள். துப்பாக்கிச் சண்டையில் இரண்டு அதிகாரிகள் இறந்தார்கள், ஐந்து பேர் காயமடைந்தார்கள். சண்டையின் ஆரம்பத்திலேயே ஒரு கொள்ளையன் மீது 9 மிமீ குண்டு ஒன்று பாய்ந்தது. அது வலது கையைத் துளைத்து, மார்புக்குள் போய், இதயத்தை எட்டாமல் கொஞ்ச தூரத்தில் நின்றுவிட்டது. பிழைக்க முடியாத காயம்தான். ஆனாலும் அவன் உடனே விழவில்லை, ரைஃபிளோடு தொடர்ந்து சண்டை போட்டான்.

இங்கே என் கருத்தைச் சொல்லிவிடுகிறேன். ரைஃபிளுக்கு எதிரே பிஸ்டலும் ரிவால்வரும் வைத்துக்கொண்டு போனது, நடுத்தெருவில் கார்களை மோதி நிறுத்தியது என்று அன்று தவறாகப் போனவை பல. பழி பெருமளவு அந்த ஒரு குண்டின் தலையில் விழுந்தது. குண்டு தன் வடிவமைப்பின்படிதான் நடந்தது. சீக்கிரம் விரிந்தது, ஆழம் குறைந்தது. இருந்தாலும் அந்தப் பழியால் ஒரு நல்லது நடந்தது. அதுவரை “இந்தத் தோட்டாவுக்கு நிறுத்தும் சக்தி உண்டு” என்று வாய்ச்சொல்லாக ஓடிக்கொண்டிருந்த விஷயத்தை எஃப்பிஐ அளக்க ஆரம்பித்தது. தசையின் அடர்த்தியை ஒத்த 10 சதவீத ஜெலட்டின் கட்டி, அதன் முன்னே கனமான துணி, இரும்புத் தகடு, சுவர்ப் பலகை, ஒட்டுப் பலகை, கார்க் கண்ணாடி என்று தடுப்புகளை மாற்றி மாற்றி வைத்துச் சுடுவார்கள். எப்படிச் சுட்டாலும் குண்டு குறைந்தது 12 அங்குலம் போக வேண்டும். 18 அங்குலத்தைத் தாண்டினால் பின்னால் நிற்பவருக்கு ஆபத்து. இன்று பல நாட்டுத் துறைகள் தோட்டா வாங்கும்போது பார்ப்பது இந்த வரம்பையோ இதன் ஏதோ ஒரு வடிவத்தையோதான்.

கவனித்தீர்களா, இன்னும் துப்பாக்கிக்கே வரவில்லை. ஒழுங்காக யோசிக்கும் துறை முதலில் தோட்டாவை முடிவு செய்யும், பிறகு அதைச் சரியாக ஓட்டும் பிஸ்டலைத் தேடும். உடலில் பட்டதும் தலை விரியும் குண்டுகளைப் போரில் 1899 ஹேக் பிரகடனம் தடை செய்கிறது. உள்நாட்டுக் காவல் பணியை அது கட்டுப்படுத்தாது. அதனால் பல நாடுகளில் ராணுவத்திடம் விரியாத குண்டும் காவலரிடம் விரியும் குண்டும் இருக்கும். கேட்க விசித்திரமாகத் தோன்றும். ஆனால் கூட்ட நெரிசலில் ஒருவரைத் துளைத்து வெளியேறி அடுத்தவர் மேல் பாயாத குண்டுதான் காவலருக்கு வேண்டும். நியூயார்க் காவல்துறை 1990-களின் இறுதியில் விரியும் குண்டுக்கு மாறியபோது சொன்ன முக்கியக் காரணமும் இதுதான்.

மியாமிக்குப் பிறகு எஃப்பிஐ என்ன செய்தது என்று பார்ப்பது நல்ல பாடம். முதலில் 10 மிமீ தோட்டாவுக்குப் போனார்கள். சுடும்போது கையில் உதை அதிகம், பலரால் தாங்க முடியவில்லை. வெடிமருந்தைக் குறைத்துச் சுட்டார்கள். மருந்தைக் குறைத்த பிறகு அவ்வளவு நீளக் கூடு எதற்கு என்ற கேள்வி எழுந்தது. கூட்டைச் சுருக்கியதில் 1990-இல் .40 ஸ்மித் அண்ட் வெஸ்ஸன் என்ற தோட்டா பிறந்தது. அமெரிக்கக் காவல்துறைகள் கூட்டம் கூட்டமாக அதற்கு மாறின. கால் நூற்றாண்டு கழித்து, 2014-இல், எஃப்பிஐ பயிற்சிப் பிரிவு தன் நியாயத்தை எழுதி வைத்துவிட்டு 9 மிமீக்கே திரும்பியது. 2016-இல் கிளாக் நிறுவனத்துக்கு ஒப்பந்தம் போனது. இடைப்பட்ட காலத்தில் குண்டுத் தயாரிப்பு அவ்வளவு முன்னேறியிருந்தது. ஜெலட்டினில் நல்ல 9 மிமீ, நல்ல .40, நல்ல .45 எல்லாம் ஏறக்குறைய ஒரே வேலையைத்தான் செய்தன. 9 மிமீயில் உதை குறைவு, மேகசினில் கூடுதலாக இரண்டு மூன்று ரவுண்டு, தோட்டா விலையும் குறைவு, துப்பாக்கியும் மெதுவாகத் தேயும். அப்புறம் அந்த அறிக்கை சொன்ன இன்னொரு விஷயம்: நிஜச் சண்டையில் காவலர்கள் சுடும் குண்டுகளில் 70 முதல் 80 சதவீதம் குறி தவறுகிறது. தவறிப்போன குண்டு எந்தக் காலிபராக (குண்டின் விட்ட அளவு) இருந்து என்ன?

இதில் எது உறுதி, எது சந்தேகம் என்று பிரித்துச் சொல்கிறேன். உறுதியானவை இரண்டு. கைத்துப்பாக்கிக் குண்டு ஒருவரைச் சீக்கிரம் செயலிழக்கச் செய்ய மூளை, தண்டுவடம் அல்லது பெரிய ரத்தக் குழாய்களை எட்ட வேண்டும், அதற்கு ஆழம் தேவை. உதை குறைந்தால் சுமாரான சுடுநரின் இரண்டாவது, மூன்றாவது குண்டு குறிக்கு நெருக்கமாகப் போகும். இதை எந்தச் சுடுதளத்திலும் ஒரே மதியத்தில் பார்த்துவிடலாம். சந்தேகமானது, “இந்தத் தோட்டா ஒரே அடியில் ஆளை நிறுத்தும்” என்ற பேச்சு முழுவதும். ஒவ்வொரு சம்பவத்திலும் தூரம், உடல், போதை, கோபம், குண்டு பட்ட இடம் என்று எல்லாமே வேறு. அதிலிருந்து காலிபர் என்ற ஒன்றை மட்டும் பிரித்தெடுத்து நிரூபித்தேன் என்று யாராவது சொன்னால் நான் நம்பமாட்டேன். ராண்ட் ஆய்வு நிறுவனம் நியூயார்க் காவல்துறைக்காக 2008-இல் செய்த ஆய்வில், எதிராளியும் திருப்பிச் சுட்ட சண்டைகளில் காவலரின் குறி பட்ட விகிதம் 18 சதவீதம். எதிராளி சுடாதபோது 30 சதவீதம். ஆள் அதே, பயிற்சி அதே, துப்பாக்கி அதே. எதிரிலிருந்து குண்டு வருகிறதா என்பது ஒன்றே இவ்வளவு வித்தியாசம் செய்கிறது.

தோட்டா முடிவானதும் தேவைக் குறிப்பு எழுதுவார்கள். எடை இதற்குமேல் கூடாது, மேகசினில் இத்தனை, டிரிகர் எடை இந்த வரம்புக்குள், இத்தனை ரவுண்டு சுட்டபின்னும் உடையக் கூடாது என்று. இதற்கு நான் மதிக்கும் உதாரணம் மேற்கு ஜெர்மனி. 1972 மியூனிக் ஒலிம்பிக் படுகொலைக்குப் பிறகு, அங்கே காவலர்களிடம் இருந்த சிறிய காலிபர் பிஸ்டல்கள் போதாது என்றாகிவிட்டது. எழுதிய குறிப்பில் முக்கியமான வரி: உறையிலிருந்து எடுத்ததும், தனியாக எந்த சேஃப்டி நெம்புகோலையும் தள்ளாமல் சுட முடிய வேண்டும், ஆனால் கீழே விழுந்தால் வெடிக்கக் கூடாது. அதாவது பதற்றத்தில் மறந்துபோகக்கூடிய ஒரு வேலையை மனிதனிடமிருந்து பிடுங்கி இயந்திரத்திடம் கொடுத்தார்கள். மூன்று நிறுவனங்கள் மூன்று விதமாக விடை கொண்டுவந்தன: வால்தரின் பி5, சிக் சாவரின் பி6, ஹெக்லர் அண்ட் கோக்கின் பி7. பி7-இல் கைப்பிடியின் முன்பக்கத்தை அழுத்திப் பிடித்தால்தான் அது சுடத் தயாராகும், விட்டால் பாதுகாப்பு நிலைக்குப் போய்விடும். மூன்றுமே தேறின, ஒவ்வொரு மாநிலமும் தனக்குப் பிடித்ததை வாங்கிக்கொண்டது. முதலில் தேறியதா இல்லையா என்ற கறாரான வடிகட்டல், அதற்குப் பிறகுதான் விருப்பம். இந்த வரிசை தலைகீழானால் ஆபத்து. முதலில் ஒரு மாடலை மனதில் வைத்துக்கொண்டு, அதற்கு மட்டும் பொருந்துகிற மாதிரி அளவுகளை எழுதுவதும் நடக்கும். குழல் நீளம் காரணமே இல்லாமல் மில்லிமீட்டர் சுத்தமாக எழுதப்பட்டிருந்தால் எனக்கு மூக்கு வேர்க்கும்.

சோதனையில் எதையெல்லாம் பார்ப்பார்கள் என்பதைச் சுருக்கமாகச் சொல்கிறேன், ஏனென்றால் இது எல்லா இடத்திலும் ஏறக்குறைய ஒன்றுதான். ஆயிரக்கணக்கில் ரவுண்டு சுட்டு, ஜாம் (தோட்டா சிக்கிக்கொள்வது) எத்தனை, உடைந்த பாகம் எத்தனை என்று எண்ணுவது. மணல், உறைகுளிர், நீர். பல கோணங்களில் கீழே போடுவது. சின்னக் கை, பெரிய கை, இடக்கை, கையுறை என்று பலவகை ஆட்களைக் கொண்டு சுடவைப்பது. இதில் இரண்டு இடத்தில்தான் துறைகள் அடிக்கடி வழுக்குகின்றன. ஒன்று, நிறுவனம் கொண்டுவரும் மாதிரிப் பிஸ்டல் பொறுக்கி எடுத்ததாக இருக்கும். நெதர்லாந்தில் இது வெட்டவெளிச்சமானது. பழைய வால்தர் பி5-க்குப் பதிலாக ஒரு சிக் சாவர் மாடலைத் தேர்ந்தெடுத்துவிட்டு, உற்பத்தியிலிருந்து வந்ததைச் சோதித்தபோது அது தேறவில்லை. 2011-இல் ஒப்பந்தத்தையே ரத்து செய்துவிட்டு, கடைசியில் வால்தரின் இன்னொரு மாடலுக்குப் போனார்கள். அவமானம்தான், ஆனால் அந்தத் துணிச்சலை நான் பாராட்டுவேன். பல இடங்களில் அந்தச் சமயத்தில் கோப்பை மூடிவிடுவார்கள்.

இரண்டாவது, சோதனையில் எழுதியிருக்கும் கோணத்தில் மட்டும்தான் துப்பாக்கி கீழே விழும் என்று நம்புவது. சிக் சாவரின் பி320 வழக்கமான விழுதல் சோதனைகளில் தேறிய பிஸ்டல். 2017-இல், ஸ்லைடின் பின்பகுதி ஒரு குறிப்பிட்ட சாய்வில் கடினத் தரையில் மோதினால் அது வெடிக்கலாம் என்று வெளியாட்கள் சுட்டிக்காட்டினார்கள். டல்லஸ் காவல்துறை அதை நிறுத்திவைத்தது, நிறுவனமும் அந்த ஆகஸ்டிலேயே டிரிகர் பாகங்களை இலவசமாக மாற்றித் தர முன்வந்தது. இதுவரை உறுதி. அதன்பிறகு, டிரிகரைத் தொடாமலே வெடித்தது என்று அதே மாடல் மீது பல வழக்குகள் வந்தன. நிறுவனம் அதை மறுக்கிறது. அந்தச் சண்டையில் நான் தீர்ப்புச் சொல்லப் போவதில்லை. ஆனால் ஒரு துறை அந்த மாடலை விட்டு விலகுகிறது என்றால் பொறியியல் காரணம் மட்டும் போதாது, தன் ஆட்கள் அதை நம்பி இடுப்பில் மாட்டுவார்களா என்பதும் ஒரு காரணம்.

இப்போது டிரிகர். எல்லாத் தேர்வுக் குழுக்களும் கடைசியில் வந்து முட்டிக்கொள்ளும் இடம் இதுதான். டிரிகர் லேசாக இருந்தால் குறி நன்றாக விழும். ஆனால் வேண்டாத நேரத்தில் வெடிக்கும் வாய்ப்பு கூடும். கனமாக இருந்தால் நேர்மாறு. நியூயார்க் காவல்துறை 1993-இல் அரைத்தானியங்கிப் பிஸ்டலுக்கு அனுமதி கொடுத்தபோது, ரிவால்வரில் பழகிய விரல்களை நினைத்துப் பயந்தார்கள். சாதாரணமாக ஐந்தரை பவுண்டு, அதாவது இரண்டரை கிலோ இழுவையில் வேலை செய்யும் கிளாக்கில், 12 பவுண்டு வரும்படி கனமான ஸ்பிரிங் போட்டார்கள். 2012 ஆகஸ்ட் 24 அன்று எம்பயர் ஸ்டேட் கட்டிடத்தின் முன்னே, ஆயுதம் நீட்டிய கொலையாளியை நோக்கி இரண்டு காவலர்கள் 16 ரவுண்டு சுட்டார்கள். குண்டும் சிதறலும் பட்டு ஒன்பது வழிப்போக்கர்கள் காயமடைந்தார்கள். உடனே எல்லோரும் அந்த 12 பவுண்டு டிரிகரைக் கைகாட்டினார்கள். டிரிகர்தான் காரணம் என்று யாராலும் நிரூபிக்க முடியாது. நெரிசலான நடைபாதையில், சில அடி தூரத்தில், நொடிக்கணக்கில் நடந்த விஷயம் அது. ஆனால் கனமான டிரிகர் சுமாரான சுடுநரின் குறியைக் கலைக்கும் என்பதில் மட்டும் எனக்குச் சந்தேகமில்லை. இலக்கு அட்டையில் குண்டுகள் கீழே இடப்பக்கமாகச் சரிந்து விழுவதைப் பார்த்தாலே, வலக்கைக்காரர் டிரிகரோடு மல்லுக்கட்டுகிறார் என்று தெரிந்துவிடும். 2021-இல் அந்தத் துறையே புதிதாகச் சேர்பவர்களுக்கு லேசான டிரிகர் கொடுக்க முடிவெடுத்தது.

இதற்கு நேர் எதிர்த்திசையில் ஒரு கதை லாஸ் ஏஞ்சலஸ் மாவட்ட ஷெரிஃப் துறையுடையது. அவர்களிடம் பெரெட்டா 92 இருந்தது; தடித்த கைப்பிடி, சேஃப்டி நெம்புகோல், முதல் இழுப்பு நீளமாகவும் கனமாகவும். கை சிறிதாக உள்ளவர்களுக்கு டிரிகரை எட்டவே கஷ்டம். புதிதாகச் சேர்ந்தவர்களில், குறிப்பாகப் பெண்கள், தகுதிச் சுடுதலில் தடுமாறினார்கள். அதனால் ஸ்மித் அண்ட் வெஸ்ஸனின் எம் அண்ட் பி-க்கு மாறினார்கள். நெம்புகோல் கிடையாது, இழுப்பு குட்டை, கைப்பிடியின் அளவை மாற்றிக்கொள்ளலாம். சுடுவது சுலபமாகிவிட்டது. கூடவே, தவறுதலாக வெடித்த சம்பவங்கள் 2012-இல் 12 ஆக இருந்தது 2014-இல் 30 ஆனது. சில சம்பவங்களில் துப்பாக்கியில் பொருத்திய டார்ச் விளக்கும் சம்பந்தப்பட்டிருந்தது. விளக்கைப் போட நினைத்த விரல் டிரிகரை இழுத்திருந்தது. இதைப் பார்த்து புது பிஸ்டல் மோசம் என்று சொல்லிவிட முடியாது. பெரெட்டாவின் நீண்ட இழுப்பு, விரலை டிரிகரில் வைக்கும் கெட்ட பழக்கத்தை வருடக்கணக்கில் மன்னித்துக்கொண்டே இருந்தது. புதியது மன்னிக்கவில்லை. என்னைக் கேட்டால், லேசான டிரிகர் வாங்கும் துறை அதே கோப்பில் மறுபயிற்சி நாட்களுக்கும் பணம் ஒதுக்க வேண்டும். ஒதுக்க முடியாதென்றால் பழையதையே வைத்துக்கொள்ளலாம். இதில் என்னோடு ஒத்துப்போகாத பயிற்சியாளர்களும் நிறைய உண்டு.

விலைக்கு வருவோம். நீங்கள் சந்தேகப்பட்டது பாதி சரி. வடிகட்டலில் இரண்டு மாடல் தேறிவிட்டால் விலை பேசும். அமெரிக்க ராணுவம் 2017-இல் புது பிஸ்டல் எடுத்தபோது தோற்ற கிளாக் நிறுவனம் முறையிட்டது. அந்த முறையீட்டுத் தீர்ப்பில் தெரியவந்த விலை வித்தியாசம் 10 கோடி டாலருக்கு மேல். முறையீடு தள்ளுபடி. ராணுவக் கதைதான், ஆனாலும் கணக்கு ஒன்றே. காவல்துறையில் கூடுதலாகச் சில செலவுகள் ஒளிந்திருக்கும். உறை மாற்ற வேண்டும். அதுவும் பிறர் பின்னாலிருந்து பிடுங்க முடியாத பூட்டுள்ள உறை, விளக்குப் பொருத்தினால் அதற்கென்று தனி அச்சு. உதிரி மேகசின், மேகசின் பை, ஆர்மரர் பயிற்சி, மாற்றக் கால முழுவதும் இரண்டு வகை உதிரி பாகங்களை வைத்திருப்பது எல்லாம் சேரும். இரவில் ஒளிரும் குறிமுள்ளில் டிரிட்டியம் இருக்கும், அதன் அரை ஆயுள் 12 வருடம் சொச்சம். பத்து வருடம் தாண்டியதும் அது மங்கி, பிஸ்டலையே மாற்றலாமா என்ற பேச்சு தானாக ஆரம்பிக்கும். அமெரிக்காவில் பழைய துப்பாக்கிகளைத் திருப்பிக் கொடுத்து விலையில் கழித்துக்கொள்ளும் வழக்கமும் உண்டு. கிளாக் அங்கே வேரூன்றியதில் அந்தப் பண்டமாற்றுக்குப் பெரிய பங்கு இருக்கிறது. திருப்பிக் கொடுத்தவை பொதுச் சந்தைக்குப் போய்விடுகின்றன என்பதால், உருக்கிவிடுங்கள் என்று மறுக்கும் நகரங்களும் இருக்கின்றன. மொத்தமாக வாங்கி விலையைக் குறைப்பது இன்னொரு வழி. பிரான்ஸ் 2000-களின் தொடக்கத்தில் காவல்துறை, ஜாந்தார்மரி (ராணுவப் பாணிக் காவல்படை), சுங்கத்துறை எல்லாவற்றுக்கும் சேர்த்துச் சுமார் இரண்டரை லட்சம் சிக் சாவர் எஸ்பி2022 பிஸ்டல்களை ஒரே ஒப்பந்தத்தில் எடுத்தது.

எல்லாத் துறைகளும் ஒரே சாயலுக்கு வந்து சேர இன்னொரு காரணம், பொறுப்பு. பக்கத்துத் துறை எடுத்ததையே நாமும் எடுத்தால், நாளை ஏதாவது ஆனால் பதில் சொல்வது சுலபம். தனியாக ஒன்றை எடுத்து அது சொதப்பினால், கையெழுத்துப் போட்டவர் கழுத்து. சிறிய துறைகளிடம் பத்தாயிரம் ரவுண்டு சுட்டுப் பார்க்கத் தோட்டாவும் கிடையாது, ஆளும் கிடையாது. எஃப்பிஐயோ பெரிய நகரக் காவல்துறையோ செய்த சோதனையை நம்பிப் போவது அவர்களுக்குச் சோம்பேறித்தனமில்லை, நியாயமான கணக்கு. இப்போது குறிபார்க்க உதவும் சிவப்புப் புள்ளிக் கண்ணாடி பொருத்தும்படி ஸ்லைடு வெட்டிய பிஸ்டல்கள் பரவுவதும் இப்படித்தான். லாஸ் ஏஞ்சலஸ் நகரக் காவல்துறை 2021-இல் அப்படிப்பட்ட எஃப்என் 509 வகை ஒன்றை எடுத்ததும் மற்றவர்களுக்குக் கோப்பு எழுத வசதியாகிவிட்டது. கண்ணாடி நல்லதுதான், வயதான கண்களுக்கு வரப்பிரசாதம். பேட்டரி, புதிய உறை, மறுபயிற்சி என்ற செலவைச் சேர்த்துப் பார்த்தாலும் லாபமா என்று முடிவாகச் சொல்ல இன்னும் சில வருட அனுபவம் வேண்டும்.

கடைசியாக ஜப்பான். அங்கே ரோந்துக் காவலர்களிடம் நீண்ட காலமாக இருந்தது நியூ நம்பு எம்60 என்ற ஐந்து ரவுண்டு .38 ரிவால்வர், பிறகு வந்த சகுராவும் அதே குட்டி ரிவால்வர் ஜாதிதான். துப்பாக்கி ஒரு சுருள் கயிற்றால் இடுப்போடு கட்டப்பட்டிருக்கும், ஏனென்றால் அவர்களுடைய முதல் கவலை யாராவது அதைப் பிடுங்கிவிடக் கூடாது என்பது. பொதுமக்களிடம் கைத்துப்பாக்கி கிட்டத்தட்ட இல்லாத நாடு, காவலர் சுடுவதே அரிது. அந்தச் சூழலில் மேகசினில் 17 ரவுண்டு இருப்பதால் பெரிய பயனில்லை. உருளையைத் திறந்தால் நிரம்பியிருக்கிறதா காலியா என்று கண்ணாலேயே தெரியும், ஸ்லைடை இழுத்த பிறகு அறைக்குள் ஒரு தோட்டா மறந்துபோய்க் கிடக்கும் அபாயமும் இல்லை. அவர்களும் 1990-களில் சிக் சாவரின் சிறிய பிஸ்டல் ஒன்றைக் கொஞ்சம் வாங்கினார்கள், அதிலும் சேஃப்டி நெம்புகோலும் கயிறு மாட்டும் வளையமும் கேட்டு வாங்கினார்கள். சிறப்புப் படைப் பிரிவுகளிடம் மற்ற நாடுகளைப் போல நவீன 9 மிமீ பிஸ்டல்கள் உண்டு. ரோந்துக்காரருக்கு ஒன்று, தாக்குதல் பிரிவுக்கு வேறொன்று என்று வேலையைப் பார்த்துத்தான் அங்கேயும் பிரித்திருக்கிறார்கள்.